திரைக்குப் பின்னால் நின்றவர்

லண்டனில் கவுன்சிலுக்காக முதியவர்களை வீட்டுக்குப் போய்ப் பார்த்துக்கொள்ளும் ஹோம் ஹெல்ப் வேலைக்குச் சேர்ந்த றோஸ்மலரை முதலில் ஆங்கிலேயக் கிழவிகளின் வீடுகளுக்குத்தான் அனுப்பினார்கள். 1987ஆம் ஆண்டு குளிர் விட்டுப்போன நேரத்தில், ஹரிங்கேயில் ஒரு துருக்கியர் வீட்டு முகவரியைக் கொடுத்து, "முன்பு சினிமாக்காரராம். கொஞ்சம் பிடிவாதக்காரர்" என்று மேற்பார்வையாளர் சொல்லியனுப்பினார்.

கதவைத் திறந்தவருக்கு எண்பது வயது தாண்டியிருந்தது. வீட்டுக்குள்ளேயும் கழுத்துப்பட்டி கட்டியிருந்தார். அவளுடைய கையைத் தொட்டு, மேடையில் இளவரசி ஒருத்திக்குச் செய்வதைப்போல இடுப்பு வளையக் குனிந்தார். மன்னாரில் பிறந்து, கொழும்பில் குடும்பம் நடத்தி, அகதியாக லண்டனுக்கு வந்து சேர்ந்த றோஸ்மலருக்கு முன்னால் அதுவரை யாரும் அப்படிக் குனிந்ததில்லை. அவளுக்குச் சிரிப்பு வந்துவிட்டது. அவள் சிரித்தது அவருக்குப் பிடித்துப்போனது.

அவர் பெயர் ரிஃபத் சாய்லான். தெருவில் எல்லோரும் ரிஃபத் பே என்றார்கள். பே என்றால் நம்முடைய ஐயா மாதிரி. மகள் நெர்மினுக்குப் பக்கத்துத் தெருவில் ஒரு தையல் தொழிற்சாலை இருந்தது. பகல் முழுவதும் அவள் அங்கேதான். எனவே காலையில் தகப்பனுக்கு முகம் மழித்து, குளிக்க வார்த்து, உடுப்பு மாற்றி, மத்தியானச் சாப்பாட்டைச் சூடாக்கிக் கொடுத்து, கிரீன் லேன்ஸ் தேநீர்க்கடை வரை கூட்டிக்கொண்டு போய் விடுவது றோஸ்மலரின் வேலையாயிற்று.

முகம் மழிக்கும்போது அவர் பேசிக்கொண்டே இருப்பார். இருவரும் தமக்குத் தெரிந்த அரைகுறை ஆங்கிலத்தில்தான் பேசினார்கள். இஸ்தான்புல்லில் நாடகக் கொட்டகையில் திரை இழுக்கும் பையனாகத் தொடங்கியவர் அவர். சினிமா பேசாத காலத்திலேயே அதில் முகம் காட்டினார். முதலில் கூட்டத்தில் ஒருவர், பிறகு மீசை வைத்த வில்லன், பிறகு பெண்கள் கைக்குட்டையை நனைக்கும்படி சாகிற காதலன். கடைசியில் இயக்குநர். அவர் இயக்கிய படங்களில் எதுவும் மிஞ்சவில்லை என்றார். சில எரிந்துபோயின. சிலவற்றின் சுருளைக் கழுவிச் சீப்புச் செய்தார்களாம்.

"என்னுடைய காதல் காட்சிகளை வைத்து இஸ்தான்புல் முழுக்கத் தலை வாரினார்கள்" என்று சொல்லிச் சிரிப்பார்.

எப்படி இயக்குநரானார் என்பதை மட்டும் அவர் சொன்னதில்லை. அவளும் கேட்டதில்லை.

அடுத்த ஆண்டு இலையுதிர் காலத்தில் யாரும் எதிர்பாராத ஒரு புதினம் நடந்தது. சைப்பிரஸில் மூடிக்கிடந்த ஒரு கொட்டகையின் பின்னறையில் அவருடைய முதல் படம், 'தீவின் கடைசிப் படகு', கிடைத்துவிட்டது. 1944இல் எடுத்தது. அங்கிருந்து யாரோ அதை லண்டனுக்குக் கொண்டுவந்தார்கள். ஹரிங்கேயில் இருந்த துருக்கியர் சங்கம் ஒரு ஞாயிற்றுக்கிழமை மத்தியானம் மண்டபம் எடுத்து, படத்தைப் போட்டு, அவரைக் கௌரவிக்க ஏற்பாடு செய்தது. நெர்மின் மகிழ்ச்சியில் நிலத்தில் நிற்கவில்லை. ரிஃபத் பே மட்டும் சுகமில்லை, வரமாட்டேன் என்றார். கிழவருக்குக் கூச்சம் என்று எல்லோரும் நினைத்தார்கள். றோஸ்மலரும் அப்படித்தான் நினைத்தாள். அவளே அவரை வற்புறுத்தி உடுப்புப் போட்டு, தானும் பெருநாள் பூசைக்குக் கட்டுகிற சேலையைக் கட்டிக்கொண்டு கூட்டிப்போனாள்.

படம் கீறல் விழுந்து, இடையிடையே அறுந்து ஓடியது. ஆனாலும் சனம் கைதட்டியது. விளக்குகள் எரிந்ததும் ரிஃபத் பேயை மேடையில் ஏற்றினார்கள். அப்போது நடுவரிசையிலிருந்து, நரைக்கத் தொடங்கிய தலைமயிரைக் குட்டையாக வெட்டிய ஒரு பெண், வெள்ளைப் பூக்களோடு எழுந்து மேடைக்குப் போனாள். துருக்கி மொழியில் பேசினாள். நெர்மின் கண் கலங்க அதை றோஸ்மலருக்கு ஆங்கிலத்தில் சொன்னாள்.

"அவளுடைய பெயர் ஆராக்ஸி. ஆர்மீனியப் பெண். அவளுடைய தகப்பன் ஹாகோப்தான் அந்தக் காலத்தில் ஸ்ரூடியோ வைத்திருந்தவராம். இரண்டாம் உலக யுத்த நேரத்தில் முஸ்லிம் அல்லாதவர்களுக்கு அரசாங்கம் பெரிய வரி போட்டது. கட்ட முடியாதவர்களின் பொருட்களை ஏலம் விட்டு, ஆட்களையும் பனிமலைப் பக்கம் கல்லுடைக்க அனுப்பினார்கள். அப்போது அவர்களுடைய கமரா அந்நியர் கைக்குப் போய்விடக்கூடாதென்று என் அப்பா ஏலத்தில் எடுத்துக் காப்பாற்றினாராம். சாகும் வரைக்கும் அவளுடைய தகப்பன் அதைச் சொல்லிக்கொண்டிருந்தாராம். அதற்கு நன்றி சொல்ல வந்தாளாம்."

மண்டபம் எழுந்து நின்று கைதட்டியது. ரிஃபத் பே பூக்களை வாங்கினார். ஒரு கையை நெஞ்சில் வைத்து, றோஸ்மலருக்கு முதல்நாள் குனிந்ததுபோலவே குனிந்தார். நிமிர்ந்தபோது அவருடைய முகத்தில் இரத்தமே இல்லை.

அதற்குப் பிறகு அவர் சாப்பிடவில்லை. சூப்பை இரண்டு வாய் குடித்துவிட்டுத் தட்டைத் தள்ளிவைத்தார். தேநீர்க்கடைக்குப் போகவில்லை. பூக்களை எறியச் சொன்னார். றோஸ்மலருக்கு மனம் வரவில்லை. அவற்றைச் சமையலறையில் ஒரு போத்தலில் வைத்தாள். அவர் சமையலறைக்குள் வருவதையே நிறுத்திக்கொண்டார்.

ஒருநாள் காலை, பாதி முகம் மழித்திருந்த நேரத்தில் அவர் சொன்னார்:

"ரோஸ், நான் எதையும் காப்பாற்றவில்லை."

அவள் சவர்க்கார நுரையை வழித்துக்கொண்டே, "என்ன?" என்றாள்.

கண்ணாடியைப் பார்க்காமல் மடியைப் பார்த்தபடி அவர் சொல்லத் தொடங்கினார். ஹாகோப்தான் அவரை நாடகக் கொட்டகையிலிருந்து சினிமாவுக்குக் கூட்டிவந்தவர். பழைய குதிரை லாயம் ஒன்றை ஸ்ரூடியோவாக்கி வைத்திருந்தவர். ஒரு முகத்துக்கு முன்னால் உள்ளங்கையைப் பிடித்து, வெளிச்சம் எங்கிருந்து விழுகிறது என்று பார்க்கக் கற்றுக்கொடுத்தவர். ரிஃபத்துக்குத் தங்க இடமில்லாத நாட்களில் தன் வீட்டு மேசையில் இருத்திச் சோறு போட்டவர். வரி வந்தது. ஏலத்துக்கு முதல்நாள் ஹாகோப் அவரிடம் வந்து, "நீ எடு. நீ எடுத்தால் நான் திரும்பி வரும்போது ஒரு வேலையாவது மிஞ்சும்" என்று சொன்னார். அவரும் எடுத்தார். வேறு யாரும் போட்டிக்கு வரவில்லை. அடிமாட்டு விலைக்குக் கமரா, விளக்குகள், லாயம் எல்லாம் அவருக்கு வந்தன. அதோடு நடிகர் இயக்குநரானார்.

"திரும்பி வந்தாரா?" என்று கேட்டாள் றோஸ்மலர்.

"வந்தார். நான் அந்தப் படத்தை எடுத்துக்கொண்டிருந்தேன். வாசலில் நின்றார். விரல்கள் வீங்கி, கோணலாகப் போயிருந்தன. கமராவைத் திருப்பிக் கேட்கவில்லை. உதவியாளாக ஒரு வேலை போதும் என்று காவலாளியிடம் சொல்லியனுப்பினார். நான் அங்கே இல்லை என்று சொல்லச் சொன்னேன். மாடியில், நிலம் வரைக்கும் இருந்த யன்னலின் திரைக்குப் பின்னால்தான் நின்றேன். அவர் போகும் வரைக்கும் பார்த்துக்கொண்டு நின்றேன்."

"ஏன்?"

"அவர் உள்ளே வந்தால் எல்லோரும் அவரைத்தான் ஆசான் என்று கூப்பிட்டிருப்பார்கள்."

றோஸ்மலரின் கை நின்றது. பிறகு மிச்சப் பாதியையும் மழித்து முடித்தாள். துவாயை அவருடைய கையில் கொடுத்தாள். வழக்கமாக அவளேதான் துடைத்துவிடுவாள்.

அடுத்த நாளிலிருந்து அவரைக் குளிக்க வார்க்கும்போது ரப்பர் கையுறை போட்டுக்கொண்டாள். அது கவுன்சில் எல்லோருக்கும் கொடுத்திருந்த கையுறைதான். அவரிடம் மட்டும் அதுவரை அவள் போட்டதில்லை. அவர் கையுறையைப் பார்த்தார். பிறகு முதுகைக் காட்டினார். எலும்பு தெரிகிற அந்த முதுகில் தண்ணீரை ஊற்றும்போது றோஸ்மலருக்குத் தன்னை நினைத்தே கூசியது. ஆனாலும் கையுறையைக் கழற்ற முடியவில்லை.

அவளுடைய கணவர் அருட்பிரகாசத்துக்கு ஹவுன்ஸ்லோவில் விமானச் சாப்பாடு கட்டுகிற இடத்தில் வேலை. மத்தியான ஷிப்டுக்குப் போகுமுன் அவர் சாப்பிட்டுக்கொண்டிருந்தபோது, றோஸ்மலர் எல்லாவற்றையும் சொன்னாள்.

"அந்த வீட்டுக்கு இனிப் போக ஏலாது. ஒஃபிஸில சொல்லி மாத்தப் போறன்."

"கிழவன் உனக்கென்னப்பா செய்தது? ஆருக்கோ செய்தது."

அவள் கோப்பையைக் கழுவுகிற சாட்டில் முகத்தைத் திருப்பிக்கொண்டாள். "எங்கட தையல் மெஷின் ஞாபகமிருக்கே?"

"எண்பத்து மூண்டு கலவரத்தில போனதுதானே. ஆர் கொண்டு போனாங்களோ."

"முன்வீட்டு நர்ஸ் மிஸ்ஸிதான் கொண்டு போனவ. நாங்கள் முகாமால திரும்பி வந்த அண்டைக்கு, பாவம் எண்டு சொல்லி என்னை உள்ள கூப்பிட்டுத் தேத்தண்ணி தந்தவ. மூலையில மேசைச் சீலையால மூடி வைச்சிருந்தது. கீழால கால் மட்டும் தெரிஞ்சது. என்ர மெஷின்ர கால் எனக்குத் தெரியாதே?"

அருட்பிரகாசம் சாப்பிடுவதை நிறுத்தினார். "நீ ஏன் கேக்கேல்லை?"

"நான் தேத்தண்ணியைக் குடிச்சிட்டு, நன்றி சொல்லிப்போட்டு வந்திட்டன்."

"ஏனப்பா?"

"வெக்கமாயிருந்தது."

"எடுத்தது அவள். வெக்கம் உனக்கோ?"

"ஓம். எனக்குத்தான். அதுதான் இவ்வளவு நாளும் உங்களிட்டயும் சொல்லேல்லை."

அருட்பிரகாசம் எழுந்து கை கழுவினார். வேலைக்குப் போகும்போது கதவடியில் நின்று, "மாத்தக் கேக்காத. அந்தாளைக் கூட்டிக்கொண்டு போய் அந்தப் பூக் குடுத்த மனிசிக்கு முன்னால விடு" என்று சொல்லிவிட்டுப் போனார்.

பூங்கொத்தோடு வந்த அட்டையில் ஆராக்ஸியின் தொலைபேசி எண் இருந்தது. றோஸ்மலர்தான் பேசினாள். ரிஃபத் பேயிடம் சொன்னபோது அவர் மறுக்கவில்லை. கழுத்துப்பட்டியைத் தானே கட்டப் பார்த்தார். முடிச்சு விழவில்லை. அவள் கையுறையில்லாத கையால் அதைக் கட்டிவிட்டாள். நெர்மினுக்குச் சொல்லாமல் டேர்ன்பைக் லேனில் ரயிலேறி அக்டனுக்குப் போனார்கள். வழி முழுக்க அவர் உதட்டை அசைத்துக்கொண்டே வந்தார். வசனம் பாடமாக்குகிறார் என்று றோஸ்மலருக்கு விளங்கியது.

ஆராக்ஸி பள்ளிக்கூடமொன்றில் பியானோ சொல்லிக்கொடுப்பவள். தனியாக இருந்தாள். இருவரையும் இருத்திக் கோப்பி ஊற்றினாள். ரிஃபத் பே துருக்கி மொழியில் தொடங்கியதும் கையைக் காட்டி நிறுத்தினாள்.

"ஆங்கிலத்தில் சொல்லுங்கள். இந்தப் பெண்ணும் கேட்கட்டும்."

பாடமாக்கிய வசனம் அதோடு போய்விட்டது. தெரிந்த சில ஆங்கிலச் சொற்களை வைத்துக்கொண்டு அவர் தடுமாறினார். "அன்றைக்கு... வாசலில் உங்கள் அப்பா... நான்... உள்ளே இருந்தேன்."

"தெரியும்" என்றாள் ஆராக்ஸி. "அப்பாவின் கையைப் பிடித்துக்கொண்டு நானும் நின்றேன். எனக்கு ஒன்பது வயது. மாடியில் திரை அசைந்ததைப் பார்த்தேன். அதற்குக் கீழே உங்களுடைய சப்பாத்தும் தெரிந்தது. அப்பா உங்களுக்கு வாங்கித்தந்த சப்பாத்து."

ரிஃபத் பே கோப்பியை மேசையில் வைக்கப் போனார். அது சிந்திவிட்டது. றோஸ்மலர் துடைக்க எழுந்தபோது ஆராக்ஸி, "இருக்கட்டும்" என்றாள்.

"தெரிந்துமா அன்றைக்கு மண்டபத்தில் அப்படிச் சொன்னீர்கள்?" என்று றோஸ்மலரால் கேட்காமல் இருக்க முடியவில்லை.

"அப்பா எங்களுக்குச் சொன்னதைத்தான் சொன்னேன். அது பொய் என்று அப்பாவுக்கும் தெரியும். தான் வீட்டுக்குக் கூட்டிவந்து சோறு போட்ட மனிதன் தன்னை வாசலிலேயே திருப்பியனுப்பினான் என்று பிள்ளைகளிடம் எப்படிச் சொல்வது? வெட்கம். கடைசி வரைக்கும் ஒரு சந்தில் இருந்துகொண்டு அடையாள அட்டைக்குப் படம் எடுத்தார். அந்த விரல்களால் அதுவே கஷ்டம். யாராவது உங்களுடைய படத்தைப் பற்றிப் பேசினால், அது என்னுடைய கமரா, ரிஃபத் பத்திரமாக வைத்திருக்கிறான் என்பார்." அவள் கிழவரின் பக்கம் திரும்பினாள். "மண்டபத்தில் நீங்கள், அது அப்படியில்லை என்று சொல்வீர்கள் என்று நினைத்தேன். ஒரு வார்த்தை சொல்வீர்கள் என்றுதான் வந்தேன். நீங்கள் பூவை வாங்கினீர்கள்."

ரிஃபத் பே கதிரையின் பிடியைப் பிடித்துக்கொண்டு எழுந்தார். ஒரு கை நெஞ்சுக்குப் போனது. இடுப்பு வளையத் தொடங்கியது.

"நடிக்காதீர்கள்" என்றாள் ஆராக்ஸி.

பாதி வளைந்தபடியே நின்றார். நிமிரவும் முடியவில்லை, குனியவும் முடியவில்லை. "எனக்கு வேறு எப்படிச் செய்வதென்று தெரியாது" என்றார். றோஸ்மலர் தோளைப் பிடித்து இருத்தினாள்.

"என்னிடம் மன்னிப்புக் கேட்டு ஒன்றும் ஆகப்போவதில்லை. எனக்கு ஏற்கெனவே தெரியும். தெரியாதவர்கள் இருக்கிறார்களே, கைதட்டியவர்கள், அவர்களிடம் போய்ச் சொல்லுங்கள்" என்றாள் ஆராக்ஸி. பிறகு அவர்களுடைய மேலங்கிகளை எடுத்துவந்து கொடுத்தாள்.

இன்னொரு கூட்டம் வைக்க முடியுமா என்று ரிஃபத் பே சங்கத்துச் செயலாளரைக் கேட்டார். எதற்கென்று தெரிந்ததும் அவர், "பார்ப்போம், பே, பார்ப்போம்" என்று சொல்லிவிட்டு, பிறகு தொலைபேசியை எடுப்பதை நிறுத்திக்கொண்டார். எனவே ஒரு சனிக்கிழமை பின்னேரம், தன்னைத் தேநீர்க்கடைக்குக் கூட்டிப்போகும்படி அவர் றோஸ்மலரிடம் சொன்னார். அது அவளுக்கு விடுமுறை நாள். ஆனாலும் வந்தாள். பெண்கள் அந்தக் கடைக்குள் போவதில்லை. வாசலோடு நிற்பதுதான் அவளுடைய வழக்கம். அன்றைக்கு உள்ளே போய்க் கதவோரமாக நின்றாள்.

உள்ளே சிகரெட் புகை. சீட்டாட்டம். தொலைக்காட்சியில் உதைபந்தாட்ட முடிவுகள். அவரைக் கண்டதும் நாலைந்து பேர் எழுந்து கதிரை கொடுத்தார்கள். அவர் உட்காரவில்லை. ஊன்றுகோலைப் பிடித்துக்கொண்டு நின்றபடி பேசத் தொடங்கினார். கொட்டகையின் கடைசி வரிசை வரை போன குரல் என்று அவர் தன் குரலைப் பற்றி எப்போதும் பெருமையடித்துக்கொள்வார். அன்றைக்கு அந்தக் குரல் வரவில்லை. சொற்கள் தொண்டையில் சிக்கிச் சிக்கி வந்தன. சிலர் கேட்கவில்லை என்று காதில் கையை வைத்துச் சாய்ந்தார்கள். றோஸ்மலருக்கு மொழி விளங்கவில்லை. ஆனால் ஹாகோப் என்ற பெயர் திரும்பத் திரும்ப வந்தது. முகங்கள் ஒவ்வொன்றாக மாறுவதையும் அவள் பார்த்தாள்.

அவர் பேசி முடித்தார். ஒருவர் சீட்டை மறுபடி கலக்கத் தொடங்கினார். கடைக்காரர் கிட்ட வந்து, தணிந்த குரலில் ஏதோ சொன்னார். வயதான ஒருவர் மட்டும் கோபமாகக் கத்திவிட்டு, கோட்டை எடுத்துக்கொண்டு வெளியே போனார். போகும்போது றோஸ்மலரையும் முறைத்தார்.

தெருவுக்கு வந்ததும் அவள் கேட்டாள். "என்ன சொன்னார்கள்?"

"கடைக்காரன் சொன்னான், பழைய கதை, எல்லோரும் செய்ததுதானே, இந்த நாட்டில் வைத்து எங்களுடைய மானத்தை ஏன் வாங்குகிறீர்கள் என்று. மற்றவன் என்னைப் பொய்யன் என்றான்." அவர் கொஞ்ச நேரம் மூச்சு வாங்கினார். "அதுவும் சரி. நாற்பது வருசத்துக்கு மேல் பொய்தானே சொன்னேன்."

செய்தி இருட்டுமுன்னரே நெர்மினுக்குப் போய்விட்டது. திங்கட்கிழமை காலையில் கதவைத் திறந்தது அவள்தான். கண் வீங்கியிருந்தது.

"என் அப்பாவுக்கு வயது போய்விட்டது, அவருக்கு என்ன சொல்கிறோமென்று தெரியவில்லை. உனக்குமா தெரியவில்லை? நான் உன்னை நம்பி வீட்டுக்குள் விட்டேன். என் தொழிற்சாலையில் வேலை செய்கிற பெண்கள் இனி என்னை எப்படிப் பார்ப்பார்கள் தெரியுமா?"

நெர்மின் சொன்னதில் உண்மை இருந்தது. அந்தப் பெண்களின் பார்வையைப் பற்றி றோஸ்மலர் ஒரு தடவைகூட யோசித்துப் பார்த்ததில்லை. உள்ளறையிலிருந்து ரிஃபத் பே மகளைக் கூப்பிடுகிற சத்தம் கேட்டது. நெர்மின் கதவைச் சாத்தினாள். அந்த வாரமே கவுன்சில் றோஸ்மலரை வேறு வீட்டுக்கு மாற்றியது.

அவள் ஆராக்ஸிக்குத் தொலைபேசியில் நடந்ததைச் சொன்னாள். ஆராக்ஸி இரண்டே கேள்விகள் கேட்டாள்.

"நின்றுகொண்டு சொன்னாரா, இருந்துகொண்டா?"

"நின்றுகொண்டு."

"குரல்?"

"சரியாகக் கேட்கவில்லை. திக்கித் திக்கித்தான் சொன்னார்."

"அப்படியென்றால் சரி" என்று சொல்லி அவள் வைத்துவிட்டாள்.

வசந்தம் பிறந்தபின் ஒரு காலை, வேறொரு வீட்டு வேலைக்குப் போகிற வழியில், கிரீன் லேன்ஸில் பாண் கடைக்கு முன்னால் கிடந்த மர வாங்கில் ரிஃபத் பே இருக்கக் கண்டாள். தாடையில் மழிக்காமல் விட்ட மயிர் திட்டுத் திட்டாக இருந்தது. யாரோ அவசரத்தில் மழித்திருக்கிறார்கள். அவளைக் கண்டதும் எழுந்தார். கை நெஞ்சுக்குப் போகவில்லை. வெறுமனே தலையை அசைத்தார்.

அவரை இருத்திவிட்டு அவளும் பக்கத்தில் இருந்தாள்.

"தேநீர்க்கடைக்குப் போகிறீர்களா?"

"ஒவ்வொரு நாளும் போகிறேன். என் மேசைக்கு ஒருவரும் வருவதில்லை. தேநீர் தருகிறார்கள்."

"நெர்மின்?"

"பேசுகிறாள். சாப்பாடு, மருந்து, அவ்வளவுதான்."

"நான் உங்களை அங்கே கூட்டிக்கொண்டு போயிருக்கக்கூடாது."

"போயிருக்க வேண்டும்" என்றார் அவர். "வெட்கம் குறையவில்லை, ரோஸ். சொன்னால் குறையுமென்று நினைத்தேன். முன்பு என்னிடம் மட்டும் இருந்தது. இப்போது கடைக்குள் நுழையும்போது எல்லோர் முகத்திலும் இருக்கிறது. ஆனால் சாப்பிட முடிகிறது."

வீதியைக் கடக்க அவர் எழுந்தார். வாகனங்கள் ஓயாமல் வந்துகொண்டிருந்தன. அவரைப் பார்த்துக்கொள்வது இப்போது அவளுடைய வேலையில்லை. தவிர, போகவேண்டிய வீட்டுக்கும் பிந்திவிட்டது. முழங்கையைப் பிடித்து அவரை மறுபக்கம் கொண்டுபோய் விட்டாள். தேநீர்க்கடையின் கண்ணாடிக்குப் பின்னாலிருந்து நாலைந்து முகங்கள் அவர்களைப் பார்த்துவிட்டுச் சீட்டுக்குத் திரும்பின. ரிஃபத் பே கழுத்துப்பட்டியை ஒருமுறை தொட்டுப் பார்த்துக்கொண்டு, கதவைத் தள்ளி உள்ளே போனார்.